சிந்தாமணி: ஒரு தலைப்பும் அதைச் சூடிய நூல்களும்

பழைய தமிழ் நூற்பட்டியல் ஒன்றை எடுத்துக்கொண்டு, 'சிந்தாமணி' என்று முடியும் பெயர்களை வரிசையாகப் படித்தால், இவற்றுக்கிடையே என்ன உறவு இருக்க முடியும் என்ற ஐயம் இயல்பாகவே எழும். சமண முனிவர் ஒருவர் பாடிய பெருங்காப்பியம் அதில் இருக்கும். பாடியவர் பெயர் தெரியாத நீதிப்பாடல் திரட்டு இருக்கும். நோய்களை வகைப்படுத்தும் சித்த மருத்துவ நூலும், உண்ணும் பொருள்களின் குணங்களைச் சொல்லும் இன்னொரு மருத்துவ நூலும், சாதகப் பலன் சொல்லும் சோதிட நூலும் இருக்கும். 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் சென்னையிலிருந்து வெளிவந்த ஒரு மாத இதழும், அதன்பின் வந்த பெரியதொரு கலைக்களஞ்சியமும் அதே பெயரைத் தாங்கி நிற்கும். வடமொழிப் பட்டியலைத் திறந்தால் இந்தக் கூட்டம் இன்னும் பெருகும். அளவையியல், தருமசாத்திரம், அரசர் கதைகள், சொற்கோவை, முகூர்த்தம் என்று துறைக்கொரு சிந்தாமணி அங்கே உண்டு.

நினைத்ததைத் தரும் மணி என்ற பொருள் யாவரும் அறிந்தது. ஆகவே, கேட்க இனிமையாக இருக்கிறது என்பதற்காக ஆளாளுக்குச் சூட்டிக்கொண்ட பெயர் இது என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடலாம். அப்படி நகர்ந்துவிட்டால் ஒன்றைத் தவறவிடுவோம் என்பது என் கருத்து. இந்நூல்களை அருகருகே வைத்துப் பார்க்கும்போது, இந்தத் தலைப்பு இரண்டு வெவ்வேறு வேலைகளைச் செய்திருப்பது தெளிவாகிறது. சில நூல்களில் சிந்தாமணி என்பது கதைக்குள் நடமாடும் ஓர் ஆள். மற்ற நூல்களிலோ நூலே மணி. 'உமக்கு வேண்டியது எதுவாயினும் இதற்குள் இருக்கிறது' என்று அட்டையிலேயே அறிவித்துக்கொள்ளும் தொகுப்பு. தமிழில் முதல் வகை முந்திக்கொண்டு அந்தப் பெயரைக் கைப்பற்றியது. இரண்டாம் வகை பிந்தி வந்து எண்ணிக்கையில் அதை மிஞ்சியது.

முந்திக்கொண்டது திருத்தக்கதேவரின் சீவக சிந்தாமணி. ஏமாங்கத நாட்டு மன்னன் சச்சந்தன், மனைவி விசயையின் மேல் கொண்ட மயக்கத்தில் ஆட்சியை அமைச்சன் கட்டியங்காரனிடம் ஒப்படைக்கிறான். அவன் சூழ்ச்சி செய்து மன்னனைக் கொன்று அரியணையைப் பிடிக்கிறான். நிறைமாதக் கர்ப்பிணியான விசயை, மயில் வடிவில் செய்த பறக்கும் பொறியில் ஏறித் தப்பி, நகருக்கு வெளியே சுடுகாட்டில் இறங்கி, அங்கேயே மகனைப் பெறுகிறாள். அரண்மனையில் முழவும் விளக்கும் பாராட்டும் சூழப் பிறக்க வேண்டிய பிள்ளைக்கு நரியின் ஊளை முழவாகவும், பிணம் எரியும் தீ விளக்காகவும், கூகையின் குழறல் பாராட்டாகவும் அமைந்துவிட்டதே என்று அவள் புலம்பும் 'வெவ்வாய் ஓரி முழவாக' என்று தொடங்கும் பாட்டு, காப்பியத்தை முழுதாகப் படிக்காதவர்களும் அறிந்தது. அந்தப் புலம்பலின் நடுவில்தான் தாய் தன் பிள்ளையைச் சிந்தாமணியே என்று அழைக்கிறாள். பின்னர் வணிகன் கந்துக்கடன் பிள்ளையை எடுக்கும்போது அது தும்ம, 'சீவ' என்று வாழ்த்தொலி எழுந்ததால் சீவகன் என்ற பெயர் அமைகிறது. ஆக, சீவகன் என்பது ஊரறிந்த பெயர். சிந்தாமணி என்பது சுடுகாட்டில் தாயொருத்தி மட்டும் இட்ட பெயர். நூலின் தலைப்பு இவ்விரண்டையும் இணைத்து நிற்கிறது. இங்கே மணி என்பது நூலன்று, பிள்ளை.

காப்பியத்துக்கு மணநூல் என்றும் ஒரு பெயர் உண்டு. இலம்பகம் எனப்படும் உட்பிரிவுகள் 13, செய்யுள்கள் 3145. இவற்றுள் தேவர் பாடியவை 2700 என்றும், ஏனையவை கந்தியார் முதலியோர் இடையில் பாடிச் சேர்த்தவை என்றும் ஒரு மரபு சொல்கிறது. காந்தருவதத்தை, குணமாலை, பதுமை, கேமசரி, கனகமாலை, விமலை, சுரமஞ்சரி, இலக்கணை என எட்டுப் பெண்களைச் சீவகன் மணக்கிறான். இவை போதாவென்று, கல்வி கற்பது நாமகள் இலம்பகமாகவும், நாட்டைப் பெறுவது மண்மகள் இலம்பகமாகவும், அரசச் செல்வம் எய்துவது பூமகள் இலம்பகமாகவும் பெண்பாலிலேயே பெயர் பெறுகின்றன. விரும்பியதெல்லாம் கைகூடும் வாழ்க்கை என்பதை இதைவிட விரிவாகக் காட்டிவிட முடியாது. ஆனால் நூல் அங்கே முடிவதில்லை. சோலையொன்றில் கடுவன் ஒன்று தன் மந்திக்குப் பலாச்சுளை கொடுக்க, தோட்டக்காவலன் அவற்றை விரட்டிவிட்டுப் பழத்தைப் பறித்துக்கொள்ளும் காட்சியைச் சீவகன் காண்கிறான். கட்டியங்காரன் தன்னிடமிருந்து பறித்தான், தான் கட்டியங்காரனிடமிருந்து பறித்தோம், நாளை தன்னிடமிருந்து இன்னொருவன் பறிப்பான் என்ற எண்ணம் எழுகிறது, துறவு பூணுகிறான். கடைசி இலம்பகத்தின் பெயர் முத்தி இலம்பகம். நினைத்ததையெல்லாம் தரும் மணியின் பெயரைச் சூடிய நூல், நினைப்பையே விட்டுவிடுவதில் போய் முடிகிறது. இந்த முரணை ஆசிரியர் அறியாமல் செய்திருப்பார் என்று என்னால் நம்ப முடியவில்லை.

சீவகன் கதையை வடமொழியில் சமணரான வாதீபசிம்மர் இருமுறை எழுதினார்: செய்யுளில் க்ஷத்ர சூடாமணி, உரைநடையில் கத்ய சிந்தாமணி. அவர் முந்தியவரா, திருத்தக்கதேவர் முந்தியவரா என்பதில் ஆராய்ச்சியாளர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. யார் முந்தினாலும், மணியின் பெயரால் நூலுக்குப் பெயரிடுவதில் சமண ஆசிரியர்களுக்குத் தனி விருப்பம் இருந்தது என்பதில் ஐயமில்லை. தமிழிலேயே தோலாமொழித்தேவரின் காப்பியம் சூளாமணி. மண்டலபுருடரின் நிகண்டு சூடாமணி.

தமிழில் இந்தக் காப்பியத்தின் செல்வாக்கை அளக்க, அதன் எதிரிகளைக் கேட்பதே நல்ல வழி. சோழ மன்னன் சமணரின் சிந்தாமணியை மெய்யென்று நம்பிச் சுவைத்துக்கொண்டிருந்ததைக் கண்டு வருந்திய சேக்கிழார், அதற்கு மாற்றாகவே திருத்தொண்டர்களின் வரலாற்றைப் பாடினார் என்கிறது சேக்கிழார் புராணம். அந்த நிகழ்ச்சி அப்படியே நடந்ததா என்பது வேறு கேள்வி. சைவப் பெருங்காப்பியம் ஒன்று பிறந்ததற்குக் காரணம் சொல்ல வந்த மரபு, அதற்குப் போட்டியாக நிறுத்தத் தேர்ந்தெடுத்த நூல் இதுதான் என்பதே இங்குக் கவனிக்க வேண்டியது. அந்தக் கதையில் நூலின் பெயர் வெறும் 'சிந்தாமணி' என்றே வருகிறது. 'சீவக' என்ற அடையே தேவைப்படவில்லை. கம்பர் தாம் சிந்தாமணியிலிருந்து ஓர் அகப்பை முகந்துகொண்டதாகச் சொன்னார் என்று வழங்கும் செவிவழிச் செய்தியிலும் அப்படித்தான்.

பிற்காலத்தில் இந்த அறிமுகம் மங்கிப்போனது. 1880இல் கும்பகோணத்துக்கு முன்சீப்பாக வந்த சேலம் இராமசாமி முதலியார், அங்குள்ள கல்லூரியில் தமிழாசிரியராக இருந்த உ.வே. சாமிநாதையரிடம் என்னென்ன நூல்கள் படித்திருக்கிறீர்கள் என்று கேட்டார். அந்தாதிகள், பிள்ளைத்தமிழ்கள், கோவைகள், தலபுராணங்கள் என்று ஐயர் நீண்டதொரு பட்டியலை ஒப்பித்தும் முதலியார் மகிழவில்லை. சீவக சிந்தாமணி படித்ததுண்டா என்று கேட்டபோது, இவரிடம் விடையில்லை. மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் ஆண்டுக்கணக்கில் பாடம் கேட்ட மாணவருக்கே அந்த நூல் எட்டாமல் போயிருந்தது. அதே ஊரில் சமணர்கள் வாழ்ந்த தெருவில் அது எட்டாமல் போய்விடவில்லை. அங்கே ஒரு வீட்டில் சிந்தாமணியை முறையாகப் படித்து முடித்ததைப் பூசையோடு கொண்டாடியதை ஐயர் தம் வரலாற்றில் எழுதியிருக்கிறார். அவர் ஏட்டுச்சுவடி தேடி அலைந்துகொண்டிருந்த இலக்கியம், சில தெருக்கள் தள்ளி வாழ்ந்தவர்களுக்கு வழிபாட்டு நூலாக இருந்தது.

அதற்கு முன் 1868இல் பவர் துரை என்ற பாதிரியார் நாமகள் இலம்பகத்தை மட்டும் அச்சிட்டிருந்தார். முழு நூலை நச்சினார்க்கினியர் உரையோடு ஐயர் 1887இல் வெளியிட்டார். அந்த உரையே அவரை அடுத்த தேடலுக்கு இழுத்தது. எங்கிருந்து எடுத்தது என்று பெயர் சொல்லாமல், 'என்றார் பிறரும்' என்று மட்டும் முடித்து உரையாசிரியர் காட்டும் மேற்கோள்கள் எந்த நூல்களைச் சேர்ந்தவை என்று தேடிப் போனபோதுதான், திருவாவடுதுறை ஏடுகளில் பத்துப்பாட்டு அவர் கையில் சிக்கியது. அதை 1889இல் பதிப்பித்தார். சங்க நூல்களின் பதிப்பு வரலாற்றில் சிந்தாமணிக்கு இருக்கும் இடம், அதன் இலக்கிய மதிப்புக்கு அப்பாற்பட்டது.

இனி, நூலே மணியாகும் இரண்டாம் வகை. இதன் வளர்ச்சியைத் தொடர வேண்டுமானால் தக்காணத்துக்கும் குசராத்துக்கும் போக வேண்டும். கல்யாணிச் சாளுக்கிய மன்னன் மூன்றாம் சோமேசுவரன் 1130ஐ ஒட்டி இயற்றிய மானசோல்லாசம் என்ற நூலுக்கு அபிலஷிதார்த்த சிந்தாமணி என்றும் பெயர். விரும்பிய பொருள்களுக்கான சிந்தாமணி என்று, நூலின் வேலையை அந்தப் பெயரே சொல்லிவிடுகிறது. ஐந்து பகுதிகள், பகுதிக்கு இருபது அத்தியாயங்கள், ஆக நூறு. நாட்டைப் பெறுவது, பெற்ற நாட்டைக் காப்பது என்று தொடங்கி, யானை பிடித்தல், ஓவியம், இசை, நடனம், அரண்மனை விளையாட்டு, சமையல் என்று போகிறது. உளுந்து மாவில் செய்யும் இட்டரிகா என்ற பண்டம் இதில் வருகிறது. இட்லியின் வரலாற்றைத் தேடுகிறவர்கள் எல்லோரும் வந்து நிற்கும் இடங்களில் இதுவும் ஒன்று. அதில் அரிசி சேர்வதில்லை, ஆகவே நம் வீட்டு இட்லியாக அதைக் கொள்ள முடியாது. ஆனாலும், ஓர் அரசன் தன் பெயரில் உள்ள நூலில் உளுந்துப் பண்டத்துக்கும் இடம் ஒதுக்கினான் என்றால், இந்தத் தலைப்பின் வீச்சு எவ்வளவு என்பது புரியும்.

அதே நூற்றாண்டில் குசராத்தில் சமண ஆசாரியர் ஹேமசந்திரர் அபிதான சிந்தாமணி என்ற வடமொழிச் சொற்கோவையை இயற்றினார். ஆறு காண்டங்கள் கொண்ட அந்நூல், தீர்த்தங்கரர்களில் தொடங்கி, தேவர்கள், மனிதர்கள், விலங்கு முதலிய உயிர்கள், நரகர்கள் என்று உயிர்வகை வரிசையில் சொற்களை அடுக்கி, பொதுச் சொற்களோடு முடிகிறது. உலகத்தில் உள்ளவற்றை ஒரு சமணர் எந்த ஒழுங்கில் பார்ப்பாரோ, அந்த ஒழுங்கே அகராதியின் ஒழுங்கு. 13ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில், தேவகிரி யாதவ மன்னர்களின் அமைச்சர் ஹேமாத்ரி சதுர்வர்க்க சிந்தாமணியைத் தொகுத்தார். விரதம், தானம், தீர்த்தம், மோட்சம் என்று காண்டம் காண்டமாக, முன்னோர் நூல்களிலிருந்து மேற்கோள்களைக் குவித்த பெருந்தொகுப்பு அது. எந்தத் திதிக்கு எந்த விரதம், யாருக்கு எதைத் தானம் செய்வது என்று கேட்டு வருபவருக்கு விடை எடுத்துக் கொடுக்கவே அது பயன்பட்டது; அதை முதலிலிருந்து கடைசிவரை இன்பத்துக்காகப் படித்தவர் எவரேனும் இருந்தால் அவர் வணக்கத்துக்குரியவர்.

1305ஐ ஒட்டிக் குசராத்தில் மேருதுங்கர் எழுதிய பிரபந்த சிந்தாமணி இந்த வரிசையில் சற்றே விலகி நிற்கிறது. சித்தராசன், குமாரபாலன் போன்ற சாளுக்கிய அரசர்களையும், அமைச்சர் வஸ்துபாலனையும் பற்றிய கதைகளின் தொகுப்பு அது. பழங்கதைகளைக் கேட்டுக் கேட்டு அறிஞர்களின் மனம் சலித்துவிட்டது, ஆகையால் அண்மைக் காலத்தவரைப் பற்றி எழுதுகிறேன் என்று அவர் காரணம் சொல்லித் தொடங்குகிறார். அந்தக் காலத்துக்கு அது துணிச்சலான பேச்சு. காசியில் இராம தைவக்ஞர் 1600இல் இயற்றிய முகூர்த்த சிந்தாமணி, பெயர் சொல்வது போலவே, நல்ல நேரம் பார்ப்பவர்களுக்கான கைந்நூல். இன்றும் சோதிடர்கள் கையில் அது உண்டு. தெலுங்கில் நன்னயரின் பெயரால் வழங்கும் ஆந்திர சப்த சிந்தாமணி, தெலுங்கு மொழிக்கு வடமொழியில் எழுதிய இலக்கணம். அதை அவர் எழுதவில்லை என்று வாதிடுவோர் உண்டு.

இந்த வரிசையில் எல்லாவற்றையும் விட வியப்பூட்டுவது மிதிலையில் கங்கேச உபாத்தியாயர் 14ஆம் நூற்றாண்டில் இயற்றிய தத்துவ சிந்தாமணி. தொகுப்பு நூல்கள் பரந்து விரியும் என்றால், இது குறுகி ஆழமாகப் போகிறது. காட்சி, அனுமானம், உவமானம், சொல் என்று அறிவுக்குரிய நான்கு வழிகளுக்கு நான்கு காண்டங்கள். இந்தியத் தருக்கத்தில் நவ்ய நியாயம் என்ற புதுமுறை இதிலிருந்து கிளைத்தது. பண்டிதர்கள் இதனை 'மணி' என்று மட்டுமே சொல்வார்கள். உரையெழுத வந்தவர்கள் அந்தப் பெயரோடு பொருந்தவே தங்கள் உரைகளுக்கும் பெயரிட்டார்கள்: ஜயதேவரின் உரை ஆலோகம், ரகுநாத சிரோமணியின் உரை தீதிதி, இரண்டுமே ஒளியைக் குறிப்பவை. மிதிலைப் பண்டிதர்கள் இந்த நூலைப் படியெடுத்து வெளியே கொண்டுபோக விடாததால், நவத்வீபத்திலிருந்து படிக்க வந்த வாசுதேவ சார்வபௌமர் அதை மனப்பாடம் செய்துகொண்டு ஊர் திரும்பினார் என்று வங்காளத்தில் ஒரு கதை வழங்குகிறது. கதை எப்படியாயினும், வேண்டியதையெல்லாம் தருவதாகப் பெயர் வைத்த நூலை எவருக்கும் தராமல் பூட்டிவைத்தார்கள் என்று அது சொல்வதில் ஒரு நகைச்சுவை இருக்கிறது.

தமிழுக்குத் திரும்பினால், இந்தத் தொகுப்பு வகைச் சிந்தாமணிகள் காப்பியத்துக்கு வெகுகாலம் பின்னர்தான் பெருகுகின்றன என்பதைக் காணலாம். சும்மா சிந்தாமணி என்றால் திருத்தக்கதேவர் நூல்தான் என்று ஆகிவிட்டதால், பின்வந்தவை ஒவ்வொன்றும் என்ன வகை மணி என்று அடைமொழி கொடுத்தே தம்மை அறிமுகம் செய்துகொள்ள வேண்டியிருந்தது. மருத்துவத்தில் இந்தப் பெயர் நன்றாக ஊன்றிக்கொண்டது. யூகிமுனிவர் பெயரால் வழங்கும் வைத்திய சிந்தாமணி 800 பாடல்களால் ஆனது. ஒவ்வொரு நோயையும் அதன் குறிகுணங்களைக் கொண்டு வகைப்படுத்துவதே அதன் சிறப்பு. வாதநோய்கள் மட்டும் 80 என்று அது கணக்கிடுகிறது. சித்த மருத்துவக் கல்லூரிகளில் நோய்நாடல் படிக்கும் மாணவர்கள் இன்றும் யூகியின் வகைப்பாட்டைச் சொல்லியே நோய்க்குப் பெயரிடுகிறார்கள். சந்திவாதம், காளாஞ்சகப்படை போன்ற பெயர்கள் அவர்கள் வாயில் சரளமாகப் புழங்குவன.

பதார்த்த குண சிந்தாமணி நோயிலிருந்து தட்டுக்கு வருகிறது. மழைநீர், ஆற்றுநீர், குளத்துநீர், கிணற்றுநீர் என்று தண்ணீரையே பிரித்துப் பிரித்துக் குணம் சொல்லி, பால், தயிர், மோர், நெய், தானியம், பருப்பு, கீரை, காய், கனி, இறைச்சி என்று ஒன்றுவிடாமல் நடந்துபோகிறது. இது உடலுக்குச் சூடு, அது குளிர்ச்சி, இன்னது வாதத்தைக் கூட்டும், இன்னது பித்தத்தைத் தணிக்கும் என்று நம் வீடுகளில் பெரியவர்கள் இன்றும் நடத்தும் பேச்சின் செய்யுள் வடிவம் என்று இதைக் கொள்ளலாம். பாடல்களின் இலக்கியச் சுவை குறைவு. ஆனால் நூல் அதை நோக்கமாகக் கொள்ளவும் இல்லை. ஒரு பொருளின் பெயரைத் தேடி, அதற்குரிய பாட்டைக் கண்டு, குணத்தை அறிந்துகொண்டு மூடிவைப்பதற்கான நூல் இது. சாதக சிந்தாமணி சோதிடத்தில் இதே வேலையைச் செய்கிறது. அதைப் பற்றி இங்கு வேறு சொல்ல வேண்டியதில்லை.

விவேக சிந்தாமணிதான் இந்தக் கூட்டத்தில் விநோதமானது. சுமார் 135 பாடல்கள் கொண்ட இதை நீதிநூல் என்று வகைப்படுத்துவது வழக்கம். 'ஆபத்துக்கு உதவாப் பிள்ளை, அரும்பசிக்கு உதவா அன்னம்' என்று தொடங்கிப் பயனற்ற ஏழினைப் பட்டியலிடும் முதற்பாட்டு, மேடைப் பேச்சாளர்களின் கைவசச் சரக்கு. அதைப் படித்துவிட்டு மேலே போகிறவர் திகைத்துப்போவார். பசு கன்று ஈன்ற நேரத்தில் மழை கொட்ட, வீடு விழ, மனைவிக்கு நோவு காண, விதை கொண்டு வயலுக்கு ஓடும் வழியில் கடன்காரன் மறித்துக்கொள்ள என்று ஒரு குடியானவனின் துன்பங்கள் மேன்மேலும் அடுக்கிவரும் பாட்டும் இதில் இருக்கிறது. தேனுண்டு மயங்கிக் கிடந்த வண்டை நாவற்பழம் என்று நினைத்து ஒரு பெண் கையில் எடுத்துப் பார்க்க, அவள் முகத்தை நிலவு என்று நினைத்த வண்டு, நிலவைக் கண்டால் தாமரை குவியுமே, தான் இருக்கும் இந்தக் கைத்தாமரையும் குவிந்துவிடுமே என்று அஞ்சிப் பறந்துபோக, 'பறந்தது வண்டா, பழமா' என்று அவள் வியக்கும் பாட்டும் இதில்தான் இருக்கிறது. இதில் நீதி எங்கே என்று தேடினால் கிடைக்காது. பெண்களை இழித்துப் பேசும் பாடல்களும் சில உண்டு. அவற்றை விவேகம் என்று இன்று ஏற்க இயலாது.

இது ஒரே புலவர் ஓர் இருப்பில் பாடியதாக இருக்க முடியாது. பலர் வாய்மொழியிலும் ஏட்டிலும் புழங்கிய தனிப்பாடல்கள் ஒரு பெயரின்கீழ் வந்து ஒதுங்கியிருக்க வேண்டும் என்றே தோன்றுகிறது. அப்படிப்பட்ட திரட்டுக்கு இந்தத் தலைப்பு மிகவும் வசதியானது. ஆசாரக்கோவை என்றோ நீதிநெறி விளக்கம் என்றோ பெயரிட்டிருந்தால் வண்டும் நாவற்பழமும் உள்ளே நுழைந்திருக்க முடியாது. சிந்தாமணி என்ற பெயரோ எதையும் வெளியே நிறுத்துவதில்லை. கன்னடத்தில் நிஜகுண சிவயோகி இயற்றிய நூலுக்கும் விவேக சிந்தாமணி என்பதே பெயர். அது தத்துவம் முதல் கலைகள்வரை முறையாக வகுத்துச் சொல்லும் களஞ்சியம். ஒரே பெயர் ஒரு மொழியில் ஒழுங்கான கலைத்தொகுப்புக்கும், பக்கத்து மொழியில் ஒழுங்கற்ற பாட்டுத்திரட்டுக்கும் பொருந்திவிட்டது.

அந்தப் பெயரையே 1892இல் சி.வி. சுவாமிநாதையர் தம் மாத இதழுக்கு எடுத்துக்கொண்டார். (உ.வே.சா. வேறு, இவர் வேறு. ஒருவர் சீவகனின் சிந்தாமணியையும் மற்றவர் விவேக சிந்தாமணியையும் அச்சேற்றியதால் இருவரையும் குழப்பிக்கொள்வோர் உண்டு.) பொது அறிவைத் தமிழில் பரப்புவது இதழின் நோக்கம். ஆனால் இலக்கிய வரலாறு அதை நினைவில் வைத்திருப்பது வேறு காரணத்துக்காக. பி.ஆர். ராஜமய்யரின் கமலாம்பாள் சரித்திரம் 1893 முதல் 1895 வரை அதில்தான் தொடராக வந்து, 1896இல் நூலாயிற்று. அ. மாதவையாவின் சாவித்திரி சரித்திரமும் அந்த இதழில்தான் தொடங்கிப் பாதியில் நின்றது. அதுவே பின்னர் 1903இல் முத்துமீனாட்சியாக முழு வடிவம் பெற்றது. மாதந்தோறும் வந்து, கட்டுரை, செய்தி, கதை எல்லாவற்றுக்கும் இடம் கொடுக்கும் பத்திரிகை என்ற புதிய வடிவத்துக்கு, வேண்டியதெல்லாம் தரும் என்ற பழைய தலைப்பு இயல்பாகப் பொருந்தியது.

அபிதான சிந்தாமணிக்கு முதலில் அந்தப் பெயரில்லை. பச்சையப்பன் கல்வி நிறுவனத்தில் தமிழாசிரியராக இருந்த ஆ. சிங்காரவேலு முதலியார் 1890இல் வேலையைத் தொடங்கியபோது, புராணங்களில் வரும் பெயர்களைத் தொகுப்பதே எண்ணம்; நூலுக்குப் புராண நாமாவளி என்றே பெயர் வைத்திருந்தார். தொகுக்கத் தொகுக்கப் புலவர்களும் அரசர்களும் தலங்களும் நூல்களும் உள்ளே வந்தன. மருந்தும் சோதிடமும் சமயக் கோட்பாடுகளும் வந்தன. நாமாவளி என்ற பெயர் கொள்ளாமல் போயிற்று. கையெழுத்துப்படி முடிந்த பின்னும் அச்சிடப் பணமில்லை. அறிக்கை வெளியிட்டு உதவி கேட்டும் பலன் இல்லாமல் அவர் சோர்ந்திருந்த நிலையில், மதுரைத் தமிழ்ச் சங்கத்தை நிறுவிய பாண்டித்துரைத் தேவர் முன்வந்தார். 1910இல் சங்கப் பதிப்பாக 1050 பக்கங்களில் நூல் வெளிவந்தது. யாழ்ப்பாணத்தில் மானிப்பாய் ஆ. முத்துத்தம்பிப்பிள்ளை 1902இலேயே அபிதான கோசம் வெளியிட்டிருந்தார் என்பதால் முன்னோடி என்ற பெருமை அவருக்குரியது. விரிவில் முதலியாரின் நூல் அதை வெகுதூரம் தாண்டியது. முதல் பதிப்பு வந்த பின்னும் முதலியார் ஓயவில்லை. சேர்த்துக்கொண்டே இருந்து 1931இல் காலமானார். அவர் மகன் முயற்சியால் 1934இல் வந்த இரண்டாம் பதிப்பு 1634 பக்கங்கள்.

ஹேமசந்திரரின் நூலுக்கும் இதற்கும் பெயர் ஒன்றுதான். அமைப்பு முற்றிலும் வேறு. அங்கே உயிர்களின் படிநிலை வரிசை, இங்கே அகரவரிசை. அகரவரிசையில் தீர்த்தங்கரருக்கும் பூசணிக்கும் மேல் கீழ் கிடையாது. எழுத்துத் தெரிந்த எவரும், மரபுப் பயிற்சி எதுவுமின்றி, நேரே பக்கத்தைப் புரட்டித் தமக்கு வேண்டியதை எடுத்துக்கொள்ளலாம். நினைத்ததைத் தரும் என்ற பழைய வாக்கை உண்மையில் நிறைவேற்றிய முதல் தமிழ்ச் சிந்தாமணி இதுதான் என்பேன். இதிலும் குறைகள் உண்டு: புராணச் செய்தியும் வரலாற்றுச் செய்தியும் ஒரே குரலில் ஒரே பத்தியில் வருகின்றன; எந்த நூலிலிருந்து எடுத்தது என்பது பல இடங்களில் தெளிவாக இல்லை. ஆனால் தனி ஒருவர் செய்த வேலை என்பதை மனத்தில் கொண்டு படிக்கும்போது குறை சொல்ல நா எழுவதில்லை.

ஆளின் பெயராகச் சிந்தாமணி வரும் முதல் வகை அறவே மறைந்துவிடவில்லை. லீலாசுகர் என்ற பில்வமங்களரின் கிருஷ்ண கர்ணாமிருதம் 'சிந்தாமணி வெல்க' என்றே தொடங்குகிறது; அது அவரை நல்வழிப்படுத்திய கணிகையின் பெயர் என்பது மரபு. அந்தக் கணிகையின் கதையைக் காள்ளகூரி நாராயணராவ் தெலுங்கில் நாடகமாக எழுதினார். ஊர் ஊராக நடிக்கப்பட்டுவந்த அந்தச் சிந்தாமணி நாடகத்தை, அதில் வரும் வணிகப் பாத்திரம் தங்கள் சமூகத்தை இழிவுபடுத்துகிறது என்று எழுந்த எதிர்ப்பை அடுத்து, 2022 சனவரியில் ஆந்திர அரசு தடைசெய்தது. தமிழில் அதே கதை 1937இல் எம்.கே. தியாகராஜ பாகவதர் நடித்த திரைப்படமாகி ஓடு ஓடென்று ஓடியது. மதுரையில் அந்தப் பெயரிலேயே ஒரு திரையரங்கும் எழுந்தது.

தொகுப்பு நூல்களுக்கு இந்தப் பெயரிடும் வழக்கம்தான் முற்றிலும் நின்றுபோனது. சென்னைப் பல்கலைக்கழகத்தின் பேரகராதி லெக்சிகன் என்ற பெயரோடு வந்தது. தமிழ் வளர்ச்சிக் கழகம் பெரியசாமித் தூரனைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்டு 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாக வெளியிட்ட பெருநூலுக்குக் கலைக்களஞ்சியம் என்று பெயரிட்டார்கள். அப்போதைய தனித்தமிழ் உணர்வு ஒரு காரணமாக இருக்கலாம். துறை அறிஞர்கள் பலர் கூடி எழுதிய நூலுக்கு, ஒரு தனி மனிதர் கையில் ஒளிரும் மணியைவிடப் பலர் விளைவித்ததைக் கொட்டிவைக்கும் களஞ்சியம் பொருத்தமாகப் பட்டிருக்கலாம் என்பது இன்னொரு காரணம்.